முட்டிவலிக்கு ஒரு நல்ல பாம்பு

நெய்வேலியில் வேலை பார்த்து ரிட்டயர் ஆகிறவருக்கு பி.எஃப்., கிராஜுவிட்டி, பிரிவுபசார விழாவில் ஒரு சுவர்க்கடிகாரம், ஒரு முட்டிவலி என்று நான்கு ஐட்டங்கள் சேரும். முதல் இரண்டும் மகள் கல்யாணத்தில் கரைந்துவிடும். கடிகாரம் பேட்டரி தீர்ந்ததும் நின்றுவிடும். முட்டிவலி மட்டும் விசுவாசமாகக் கூடவே இருக்கும். சுரங்கத்தில் இரும்பு ஏணி ஏறி இறங்கியவருக்கும் அது வரும். நாற்காலியை விட்டு எழுந்திருக்காத அக்கவுண்ட்ஸ்காரருக்கும் வரும்.

அதனால் இந்த ஊரில் காலை நடையின்போது, "பாம்பு வெசத்துல வலிக்கு மருந்து கண்டுபுடிச்சிட்டானாம் சார்" என்று ஒருவர் ஆரம்பித்தால் நடை அங்கேயே நின்றுவிடும். எங்கே கிடைக்கும், என்ன விலை, மெடிக்கல் பில்லில் போடலாமா என்று கேள்விகள் வரிசை கட்டும். பாவம், கேட்பவர்களுக்கு இது புதுச் செய்தி. "கண்டுபுடிச்சிட்டானாம்" என்ற இந்த வாக்கியத்துக்கு வயது நூறைத் தாண்டிவிட்டது. அதன் சரித்திரத்தை யாராவது முறையாக எழுதியிருந்தால் நான் இப்படி முறைகேடாக எழுத வேண்டியிருக்காது.

முதலில் வலி. இந்த விஷயத்தில் எங்கள் ஜில்லாவுக்குத் தனிப் பெருமை உண்டு. தமிழ் இலக்கியத்தின் மிகப் பிரபலமான வயிற்றுவலி நெய்வேலிக்குப் பக்கத்தில்தான் நிகழ்ந்தது. ஏழாம் நூற்றாண்டு. பண்ருட்டிப் பக்கம் திருவாமூரில் பிறந்த மருள்நீக்கியார், சமணத்துக்குப் போய், தருமசேனர் என்ற பட்டத்தோடு இன்றைய திருப்பாதிரிப்புலியூரில் பெரிய பதவியில் இருக்கிறார். திடீரென்று சூலை நோய். சக துறவிகள் மந்திரம் போட்டார்கள், மயிற்பீலியால் தடவினார்கள். வலி அசையவில்லை. மனிதர் ராத்திரியோடு ராத்திரியாகக் கிளம்பி, திருவதிகையில் இருந்த அக்கா வீட்டுக்குப் போனார். அக்கா திலகவதியார் திருநீறு கொடுத்தார். தம்பி ஒரு பதிகம் பாடினார். வலி போயே போயிற்று. ஊரிலுள்ள ஸ்பெஷலிஸ்ட்டையெல்லாம் பார்த்துவிட்டு, கடைசியில் அக்கா கைவைத்தியத்தில் குணமாகும் நம் வழக்கம் அங்கேதான் தொடங்கியிருக்க வேண்டும்.

பின்னாளில் திருநாவுக்கரசர், அப்பர் என்று பெயர் பெற்ற இவர் அத்தோடு விடவில்லை. பல்லவ மன்னன் நஞ்சு கலந்த பாற்சோறு கொடுத்தான். சாப்பிட்டார், ஒன்றும் ஆகவில்லை. பிறகு திங்களூரில் அப்பூதியடிகள் வீட்டில் விருந்து. அப்பூதி, தான் நேரில் பார்த்தே இராத அப்பர் மேல் பக்தி முற்றி, பிள்ளைகள், பசு, எருமை, தராசு வரை எல்லாவற்றுக்கும் திருநாவுக்கரசு என்று பெயர் வைத்தவர். (பெயர் வைப்பதில் இவரை மிஞ்சியவர்கள் பிற்காலத்து மருந்துக் கம்பெனிக்காரர்கள் மட்டுமே.) விருந்துக்கு வாழையிலை அறுக்கப் போன மூத்த பையனைப் பாம்பு தீண்டிவிட்டது. அப்பர் இன்னொரு பதிகம் பாடினார். பையன் தூங்கி எழுந்தவன்போல எழுந்தான்.

ஆக வலி, விஷம், பாம்பு என்ற மூன்று டிபார்ட்மென்ட்டையும் தனி ஆளாகப் பார்த்தவர் அவர்தான். செய்முறையையும் ஒளித்து வைக்கவில்லை. தேவாரத்தில் பதிகம் பதிகமாக இருக்கிறது. வேறு யார் பாடினாலும் அந்தப் பலன் வருவதில்லை என்பதுதான் சிக்கல். ஓரிடத்தில் வந்த முடிவு இன்னோரிடத்தில் வரவில்லை என்ற இந்தப் புகார், இன்றைய மருந்து ஆராய்ச்சியின் அன்றாடப் புகார்.

விஷத்தையே மருந்தாக்கும் துணிச்சலும் நம்மிடம் இருந்தது. ஆயுர்வேதத்தில் சூசிகாபரண ரசம் என்று ஒரு மருந்து. கருநாக விஷம் சேர்ந்தது. நோயாளியின் உச்சந்தலையில் ஒரு கீறல் போட்டு, ஊசிமுனையில் எடுத்த மருந்தை அங்கே தேய்க்க வேண்டும். யாருக்கு? ஜன்னி கண்டு, நினைவு தப்பி, வெளியூர்ச் சொந்தங்களுக்கு ஆள் அனுப்பலாமா என்று திண்ணையில் பேச்சு நடந்துகொண்டிருக்கும் கட்டத்தில் இருப்பவருக்கு. நேரத்தேர்வு அபாரம். பிழைத்தால் வைத்தியர் கைராசி, போனால் தலையெழுத்து. எப்படியும் நோயாளி வந்து புகார் சொல்லப் போவதில்லை.

பதினெட்டாம் நூற்றாண்டின் கடைசியில் கிழக்கிந்தியக் கம்பெனிக்காரர்கள் பாம்புகளைக் கணக்கெடுக்க ஆரம்பித்தார்கள். வரி போடத்தான் என்று நினைத்துவிட வேண்டாம், நிஜமாகவே அக்கறை. தரங்கம்பாடியிலிருந்து வந்து கம்பெனிக்கு இயற்கை ஆராய்ச்சியாளராக இருந்த கோனிக் 1785ல் இறந்ததும் அந்த வேலைக்கு வந்தவர் பாட்ரிக் ரஸ்ஸல் என்ற ஸ்காட்லாந்து டாக்டர். சோழமண்டலக் கரையின் பாம்புகளைப் படம் வரைந்து 1796ல் ஒரு பெரிய புத்தகமாகப் போட்டார். மறுவருஷமே, ஆளைக் கடித்தால் உயிர் போகும்படி வலிக்கிற, சில சமயம் உயிரே போகிற ஒரு பாம்புக்கு விலங்கியல் புத்தகத்தில் அவர் பெயரையே வைத்துவிட்டார்கள். நன்றிக்கடன் இப்படியும் செலுத்தலாம். கண்ணாடி விரியன் என்று நாம் பல தலைமுறையாகக் கூப்பிட்டுக்கொண்டிருந்தது அவர்கள் காதில் விழவில்லை.

ரஸ்ஸல் கையில் அப்போது கிடைத்ததுதான் தஞ்சாவூர் மாத்திரை. தலையாட்டி பொம்மை, தட்டு, வீணை வரிசையில் தஞ்சாவூர் உலகுக்கு அளித்த இந்த நான்காவது கலைப்பொருளை நாம் மறந்துவிட்டோம். பாம்புக்கடிக்கு அன்று கரையோரம் முழுக்க இதன் பெயர்தான். உள்ளே என்னென்ன? வெள்ளைப் பாஷாணம், பாதரசம், நாவி வேர், மிளகு, நேர்வாளம். பாஷாணம் ஒன்றே போதும், ஆளை அனுப்ப. நாவி தனக்குத் தெரிந்த வழியில் அதே வேலையைச் செய்யும். நேர்வாளத்தைப் பற்றித் தமிழ் வீடுகளில் வளர்ந்தவர்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. அரை விதை உள்ளே போனால் மனிதன் கொல்லைப்புறத்தையே வாசஸ்தலமாகக் கொண்டுவிடுவான். பாம்பு கடித்த வலி அந்த நேரத்தில் ஞாபகத்துக்கு வராது என்பது உண்மை. அந்த அர்த்தத்தில் இதை வலி நிவாரணி என்று சொல்ல எனக்குத் தடையில்லை. ரஸ்ஸல் நாய்களையும் கோழிகளையும் பாம்பிடம் கடிக்கவிட்டு மாத்திரைகளைக் கொடுத்துப் பார்த்தார். பாம்பால் செத்ததா மாத்திரையால் செத்ததா என்று கோழியிடம் வாக்குமூலம் வாங்க வழியில்லை.

அடுத்து இத்தாலி. நெப்போலியனின் தம்பி மகன் சார்ல்ஸ் லூசியன் போனபார்ட். பெரியப்பா நாடு நாடாகப் பிடித்தார். இவர் பறவைகளையும் பாம்புகளையும் பிடித்தார். 1843ல் விரியன் விஷத்தைப் பிரித்துப் பார்த்து, அது முட்டை வெள்ளைக்கரு மாதிரி ஒரு புரதச் சமாசாரம் என்று சொன்னார். நியாயமான கண்டுபிடிப்பு. சொல்லிவிட்டுச் சும்மா இருந்தாரா? வைப்பரீன் என்று ஒரு பெயர் வைத்தார், எக்கிட்னீன் என்று இன்னொன்றும் வைத்தார். எக்கிட்னா கிரேக்கப் புராணத்தில் பாதிப் பெண், பாதிப் பாம்பு. இந்த இரண்டு பெயரையும் வைத்துக்கொண்டு அன்று எந்த நோயையும் குணப்படுத்த முடியாது. ஆனால் வழி பிறந்துவிட்டது: பாம்பிடமிருந்து மருந்து எடுக்க நாளாகும், பெயரை உடனே எடுத்துக்கொள்ளலாம்.

மந்தாரக்குப்பம் பஸ் ஸ்டாண்டு ஓரத்தில் ஒரு காலத்தில் தவறாமல் ஒருவர் கடை விரிப்பார். தரையில் ஒரு துணி. துணிமேல் வேர், எலும்பு, பாட்டில். பக்கத்தில் மூடிய மூங்கில் கூடை, முளையில் கட்டிய கீரி. "இன்னும் அஞ்சே நிமிசத்துல பாம்புக்கும் கீரிக்கும் சண்ட! கையக் கட்டாத தம்பி, கட்டுனா ரத்தம் கக்குவ!" ஷிப்ட் முடிந்து வருகிறவர்கள் டிபன் பாக்ஸும் கையுமாக நிற்பார்கள். கையை மட்டும் கட்டமாட்டார்கள். அஞ்சு நிமிஷம் அரை மணி ஆகும். "அதுக்கு முன்னால ஒரே ஒரு வார்த்த" என்று ஆரம்பித்து முதுகுவலி, மூட்டுவலி, மூச்சுப்பிடிப்பு எல்லாவற்றுக்கும் ஒரே தைலத்தை எடுப்பார். தைலம் விற்றுத் தீரும். கீரி படுத்துத் தூங்கும். சண்டையைப் பார்த்த ஒரு ஆத்மாவை இன்றுவரை நான் சந்தித்ததில்லை.

இது நம் ஊர்த் தில்லுமுல்லு என்று யாரும் கூச்சப்பட வேண்டாம். 1893ல் சிகாகோவில் உலகக் கண்காட்சி. அந்தக் கண்காட்சியையொட்டி நடந்த சர்வமத மாநாட்டில்தான் விவேகானந்தர் பேசினார். அதே கண்காட்சியில் இன்னொரு மூலையில் கிளார்க் ஸ்டான்லி என்ற கவ்பாய் தொப்பிக்காரர், கூட்டத்தின் நடுவே ஒரு கிலுகிலுப்பை விரியனைக் கையிலெடுத்துக் கிழித்து, கொதிக்கும் நீரில் போட்டு, மிதந்து வந்த எண்ணெயை வலித் தைலம் என்று விற்றதாகச் சொல்வார்கள். 'கிலுகிலுப்பை விரியன்களின் ராஜா' என்பது அவர் தனக்குத் தானே கட்டிக்கொண்ட பட்டம். நம் மந்தாரக்குப்பத்துக்காரரைவிட ஒருபடி மேல், பாம்பையாவது காட்டினார். இந்தியாவிலிருந்து போனவர் மனத்துக்கு மருந்து சொல்லிக்கொண்டிருக்க, உள்ளூர்க்காரர் முழங்காலைக் கவனித்துக்கொண்டிருந்தார். இதே 1893ல் பம்பாயில் நாகேஸ்வர ராவ் அமிர்தாஞ்சனத்தை ஆரம்பித்தார் என்பதையும் சேர்த்துப் பார்த்தால், அந்த வருஷம் உலகம் முழுக்கவே ஒரு பொதுவான உடம்புவலி இருந்திருக்கிறது என்று தோன்றுகிறது.

ஸ்டான்லியின் பாட்டிலை அமெரிக்க அரசாங்கம் ஒருநாள் பரிசோதித்தது. உள்ளே கனிம எண்ணெய், கொஞ்சம் மாட்டுக் கொழுப்பு மாதிரி ஒன்று, மிளகாய், கற்பூர வாசனை. பாம்பு? மருந்துக்குக்கூட இல்லை. 20 டாலர் அபராதம் போட்டார்கள். அன்றிலிருந்து அங்கே 'பாம்பு எண்ணெய்' என்றாலே பித்தலாட்டம். அநியாயம் என்னவென்றால், பாட்டிலில் இருந்த மிளகாய் நிஜமாகவே வலியைக் குறைக்கும் சரக்கு. அதன் காரத்துக்குக் காரணமான கேப்சைசினை வைத்து இன்று டாக்டர்களே களிம்பு எழுதிக் கொடுக்கிறார்கள். அந்தக் காரம் நரம்பில் எந்த இடத்தில் தட்டுகிறது என்று கண்டுபிடித்தவருக்கு 2021ல் நோபல் பரிசு கிடைத்தது. லேபிளில் 'மிளகாய்த் தைலம்' என்று உண்மையைப் போட்டிருந்தால் ஸ்டான்லிக்கு அபராதம் வந்திருக்காது. வியாபாரமும் ஆகியிருக்காது.

இங்கேதான் எனக்கு ஒரு சந்தேகம் வலுத்தது. லேபிளில் பாம்பு இருந்தால் பாட்டிலில் பாம்பு இருப்பதில்லை. நிஜமாகவே பாம்பு வேலை செய்த இடத்தில் லேபிளில் அதன் பெயர் இருப்பதில்லை. உதாரணம் உங்கள் வீட்டு மாத்திரை டப்பாவிலேயே இருக்கும். பிரேசிலில் ஜராராக்கா என்ற விரியன் கடித்தால் ரத்த அழுத்தம் சரிந்துவிடும். அது ஏன் என்று செர்ஜியோ ஃபெரெய்ரா என்ற மருத்துவர் 1960களில் குடைந்தார். விஷத்திலிருந்து அவர் பிரித்ததை மாதிரியாக வைத்து ரசாயனத்தில் செய்த மருந்துதான் கேப்டோப்ரில். 1981ல் அமெரிக்காவில் அனுமதி. அதன் தம்பிதான் எனாலப்ரில், இன்னொரு தம்பி ராமிப்ரில். "பாம்பு மருந்தா, ஐயையோ நம்மால முடியாதுப்பா" என்று காதைப் பொத்திக்கொள்ளும் எத்தனையோ பெரியவர்கள், தினம் காலையில் பிரேசில் விரியனின் பேரப்பிள்ளையை வெந்நீரோடு விழுங்கிவிட்டுத்தான் பேப்பர் படிக்கிறார்கள்.

வலி விஷயத்தில் இப்படி அடக்கமாக வேலை நடந்தது சீனாவில். குன்மிங்கில் நாக விஷத்திலிருந்து ஒரு வலி மருந்தைப் பிரித்து 1970களின் கடைசியில் புழக்கத்துக்குக் கொண்டுவந்தார்கள். கெடோங்நிங் என்று பெயர். வலியை ஒழித்து நிம்மதி தருவது என்கிற மாதிரி அர்த்தம். பாம்பைப் பற்றி மூச்சுவிடவில்லை.

அமெரிக்கர்களால் அப்படி இருக்க முடியவில்லை. கொஞ்சம் பின்னால் போய் 1930களைப் பார்க்க வேண்டும். ஒரு நோயாளியைச் சிலந்தி கடித்ததும் அவருக்கிருந்த பழைய வலி குறைந்தது என்று மோனலெஸ்ஸர் என்ற டாக்டர் கேள்விப்பட்டார். சாதாரண மனிதர்கள் சிலந்தியை அடித்துவிட்டு மறந்திருப்பார்கள். இவர் பாரிஸுக்குப் போனார். அங்கே பாம்புக்கடிக்கு மாற்றுமருந்து கண்ட கால்மெட் போன்றவர்கள் நாக விஷத்தையும் புற்றுநோயையும் சேர்த்து யோசித்துக்கொண்டிருந்த நேரம். சிலந்தி போய் நாகம் வந்தது. புற்றுநோய் வலிக்கு நாக விஷத்தை மிகச் சிறிய அளவில் ஊசி போட்டால் குறைகிறது என்று 1933ல் அவரும் டாகே என்பவரும் அறிக்கை கொடுத்தார்கள்.

அதைப் பிடித்துக்கொண்டவர் பால்டிமோர் டேவிட் மாக்ட். ஆள் சாதாரணப்பட்டவரல்ல. ஆசாரமான யூதர். வேதாகமம் எந்த மிருகத்தைச் சாப்பிடலாம், எதைக் கூடாது என்கிறதோ, அந்தப் பட்டியலை அப்படியே எடுத்துக்கொண்டு, ஒவ்வொரு மிருகத்தின் தசைச் சாற்றிலும் செடி முளைகள் எப்படி வளர்கின்றன என்று சோதித்துக் கட்டுரை எழுதியவர். முடிவு வேதாகமம் சொன்னபடியே வந்தது. அப்படிப்பட்டவர் நாக விஷத்தை மார்ஃபினுக்குப் பக்கத்தில் வைத்துச் சோதித்தார். வலி குறைய ஆரம்பிக்க நேரமாகிறது, ஆனால் குறைந்தால் வெகுநேரம் நிற்கிறது, பழக்கத்துக்கு அடிமையாக்கவில்லை என்று எழுதினார். மருந்து கோப்ராக்சின் என்ற பெயரில் கடைக்கு வந்தது. கூடவே மூட்டுவலிக்காக நைலாக்சின்: நாக விஷத்தோடு சிலிசிக் அமிலம், ஃபார்மிக் அமிலம் கலந்தது. ஃபார்மிக் அமிலம் என்பது எறும்பு கடித்தால் சுருக்கென்று வருமே, அதேதான். பாம்பு தனியாகச் சிரமப்படக் கூடாது என்று எறும்பையும் துணைக்குச் சேர்த்திருக்கிறார்கள். கல்கத்தாவின் வெப்பமண்டல நோய் மருத்துவப் பள்ளியில் சோப்ராவும் சௌஹானும் இதே காலத்தில் நம் நாட்டுப் பாம்பு விஷங்களின் மருத்துவக் குணங்களை ஆராய்ந்து எழுதினார்கள். பிறகு மாத்திரையாக விழுங்கக்கூடிய மலிவான வலி மருந்துகள் வந்தன. ஊசி, நாகம், எறும்பு மூன்றும் மெதுவாக அலமாரியின் பின்வரிசைக்குப் போயின.

அதே 1930களில் எங்கள் ஊரிலும் ஒரு தோண்டல் நடந்தது. ஜம்புலிங்க முதலியார் நிலத்தில் கிணறு போடப் போனார்கள். தண்ணீரோடு கறுப்பாக ஏதோ வந்தது. அது பழுப்பு நிலக்கரி என்று எல்லோரும் ஒத்துக்கொண்டு, கார்ப்பரேஷன் உருவாக 1956 ஆயிற்று. 1957 மே மாதம் நேரு வந்து சுரங்க வேலையைத் தொடங்கிவைத்தார். மேல்மண்ணை அள்ளி அள்ளி நிலக்கரி முகத்தைப் பார்க்க 1961. அதுவரை அந்த மேல்மண்ணில் குடியிருந்தவர்களில் மனிதர்களைப் பற்றி நிறையப் பேர் எழுதிவிட்டார்கள். பாம்புகளின் மறுவாழ்வு பற்றி ஃபைல் எதுவும் போடப்படவில்லை. அவை தாமாகவே டவுன்ஷிப்புக்குள் குடியேறின. பலாமரம், முந்திரி, குவார்ட்டர்ஸ் பின்பக்கம் அடுக்கிய விறகு, எலி. ஒரு பாம்பு கேட்கக்கூடிய அத்தனை வசதியும் வாடகை இல்லாமல் கிடைத்தது.

பாம்பு என்றால் வலி என்று பொதுவாக நினைக்கிறோம். கண்ணாடி விரியன் விஷயத்தில் சரி. கட்டுவிரியன் வேறு ரகம். ராத்திரி தரையில் பாய் விரித்துப் படுத்திருப்பவரைக் கடித்துவிட்டுப் போகும். பல பேருக்குத் தூக்கம்கூடக் கலையாது. வீக்கம் இல்லை, எரிச்சல் இல்லை. விடியற்காலையில் வயிறு வலிக்கிறது என்று எழுவார், இமை தானாக இறங்கும், நாக்கு குழறும். ராத்திரி சாப்பிட்ட பரோட்டாவைச் சந்தேகப்பட்டு சோடா வாங்கிக் கொடுத்துக்கொண்டிருப்பார்கள். மூச்சுத் தசைகள் ஓய்வதற்குள் ஆஸ்பத்திரிக்குப் போனால் உண்டு. வலியே இல்லாத கடிதான் இந்தப் பக்கத்தில் மிக மோசமான கடி. விளம்பர வாசகத்துக்கு ஒத்துவராது என்பதால் எந்த வலி மருந்துக் கம்பெனியும் கட்டுவிரியன் படத்தைப் போட்டதில்லை.

இத்தனை கதையிலும் பாம்பின் வாயில் கைவைத்தவர்களைப் பற்றிப் பேச்சே வரவில்லை, பாருங்கள். மாமல்லபுரத்துக்கு வடக்கே வடநெம்மேலியில் இருளர் பாம்பு பிடிப்போர் கூட்டுறவுச் சங்கம் இருக்கிறது. 1972ல் வனவிலங்குச் சட்டம் வந்து பாம்புத்தோல் வியாபாரம் படுத்ததும், பிழைப்பு போன இருளர்களை வைத்து ரோமுலஸ் விட்டேக்கர் முயற்சியில் 1978ல் தொடங்கியது. மணல் போட்ட மண்பானைகளில், வாயில் துணி கட்டி, பாம்புகள் இருக்கும். கம்பியால் ஒன்றை வெளியே எடுத்து, தலைக்குப் பின்னால் இரண்டு விரலால் பிடிப்பார்கள். கண்ணாடிக் குவளையின் வாயில் மெல்லிய தோல் மாதிரி ஒன்று இழுத்துக் கட்டியிருக்கும். அதில் பாம்பு பல்லைப் பதித்ததும் கண்ணாடிச் சுவரில் மஞ்சளாக இரண்டு மூன்று சொட்டு வழியும். அவ்வளவுதான். புதிதாகப் பார்ப்பவர்கள் ஒரு டம்ளராவது வரும் என்று எதிர்பார்த்து ஏமாந்து போவார்கள். வாரத்துக்கு ஒருமுறையாக மொத்தம் நான்கு தடவை எடுத்த பிறகு, அடிவயிற்றுச் செதிலில் சின்ன அடையாளம் வெட்டிப் பாம்பைக் காட்டில் விட்டுவிடுவார்கள். அடையாளம் எதற்கென்றால், அதே பாம்பு மறுபடி உடனே மாட்டிக்கொண்டால் ஓவர்டைம் ஆகிவிடும்.

இங்கே எடுக்கும் விஷம் முக்கியமாகப் போவது பாம்புக்கடி மருந்து தயாரிக்க. இந்தச் சமூகத்தைச் சேர்ந்த மாசி சடையனும் வடிவேல் கோபாலும் 2017ல் அமெரிக்காவின் ஃப்ளோரிடாவுக்குப் போய், அங்கே சதுப்பு நிலத்தில் பெருகிவிட்ட மலைப்பாம்புகளைப் பிடித்துக் கொடுத்தார்கள். ஸ்டான்லி பிறந்த நாட்டுக்கு நிஜமான பாம்புக்காரர்கள் நம் ஊரிலிருந்து போக வேண்டியிருந்தது. 2023ல் இருவருக்கும் பத்மஸ்ரீ.

ஆய்வுக்கூடங்களிலும் வேலை நிற்கவில்லை. பிரேசிலின் புட்டான்டான் நிறுவனத்தில் கிலுகிலுப்பை விரியனின் விஷத்திலிருந்து க்ரோட்டால்ஃபின் என்று ஒன்றைப் பிரித்தார்கள். பதினான்கே அமினோ அமிலம். வாய்வழி கொடுத்தாலும் எலிகளுக்குப் பல நாள் வலி தெரியவில்லை. சிங்கப்பூர் தேசியப் பல்கலைக்கழகத்தில் 1995ல் ராஜநாகத்தின் விஷத்திலிருந்து ஹன்னால்ஜெசின் என்ற வலி நிவாரணியைப் பிரித்த குழுவில் ஒருவர் பெயர் கோபாலகிருஷ்ணகோன். நம்மவர் பெயர். காளிங்கன் தலையில் ஆடியவர் பெயரை வைத்துக்கொண்டு ராஜநாகத்தின் வாயைத் திறக்கச் சொல்வதற்கு ஒரு பொருத்தம் வேண்டாமா? 2012ல் பிரான்ஸில் நீஸ் நகரத்துக்குப் பக்கத்திலிருக்கும் வல்போன் ஆய்வுக்கூடத்துக்காரர்கள் ஆப்பிரிக்காவின் கறுப்பு மாம்பாவைப் பிடித்தார்கள். அடிபட்ட இடத்திலும் வீங்கிய இடத்திலும் அமிலம் கூடும். அதை மோப்பம் பிடித்து மூளைக்குப் புகார் அனுப்பும் வாயில்கள் நரம்பில் உண்டு. மாம்பா விஷத்திலிருந்த ஒரு சின்னப் புரதம் அந்த வாயில்களை அடைத்துவிட்டது. மார்ஃபின் அளவுக்கு வலி குறைந்தது. மார்ஃபின் போல மூச்சை அமுக்கவில்லை. மாம்பால்ஜின் என்று பெயரிட்டார்கள்.

பெயரைக் கேட்டதுமே எனக்குப் பயம் வந்துவிட்டது. லேபிளில் பாம்பு ஏறிவிட்டதே! பயந்தது வீண்போகவில்லை. கடைக்கு இன்னும் வந்தபாடில்லை. வாயில் போட்டால் வயிறு அதைப் பருப்பைச் செரிக்கிற மாதிரி செரித்துவிடும். எலிகளுக்கு முதுகுத்தண்டில் ஊசி போட்டுத்தான் பலமான பலனைப் பார்த்தார்கள். ஊசி போட்ட எலிகளின் வாலைச் சுடுநீரில் விட்டால், அவை எடுக்க அவசரமே காட்டவில்லையாம். ஊழி ஊழியாக எலியைத் தின்று வளர்ந்த வர்க்கம், எலிக்கு மட்டும் சரியாக வேலை செய்யும் ஒரு வலி மருந்தைக் கொடுத்துக் கடனைக் கழித்திருக்கிறது.

போன மழைக்காலத்தில் எங்கள் வட்டத்தில் ஒரு வீட்டு மோட்டார் ஷெட்டில் நல்ல பாம்பு புகுந்துவிட்டது. பிடிக்க வந்தவர் இளைஞர். பேசிக்கொண்டே ஐந்து நிமிஷத்தில் பைக்குள் போட்டு வாயைக் கட்டினார். அதுவரை வரண்டாவில் ஸ்டூல்மேல் நின்றுகொண்டிருந்த வீட்டுக்காரர் இறங்கி வந்தார். ரிட்டயர்டு ஆபரேட்டர், இரண்டு முட்டியிலும் உறை.

"தம்பி, இதோட வெசத்துல மூட்டு வலிக்கு மருந்து இருக்காமே?"

"இருக்குதுன்றாங்க சார். ஆனா முட்டியில மட்டும் கடின்னு சொன்னா இது கேக்காதுங்க."

"அது சரி."

"சார், தப்பா நெனைக்கலன்னா ஒண்ணு கேக்கட்டுங்களா? உங்ககிட்ட நல்ல தைலம் ஏதாச்சும் இருக்குதா? பொந்து பொந்தா குனிஞ்சி எனக்கு இடுப்பு புடிச்சிக்கிச்சி."

சார் உள்ளே போனார். மகன் சிங்கப்பூரிலிருந்து கொண்டுவந்த கோடாலித் தைலத்தைப் பீரோவிலிருந்து எடுத்து வந்தார். "கொஞ்சமா தேய் தம்பி, ரொம்ப எரியும். பாம்பப் புடிச்ச கையக் கழுவிட்டுத் தேய்."